பிரித்துப் போடு அந்தப் பெயரை!

டெர்ட்-பியூட்டைல்டைமெத்தில்சிலைல்.

வாய்விட்டுப் படி. பாதியில் நின்றுவிட்டாயா? மறுபடி முதலிலிருந்து படி. நாக்கு புரளவில்லையா? புரளும்வரை படி. இதோ இன்னொன்று: டெர்ட்-பியூட்டைல்டைஃபினைல்சிலைல். சுருக்கி எழுதினால் டிபிடிபிஎஸ். இதையும் படி. கரிம வேதியியல் வகுப்பில் இந்தப் பெயர்கள் பலகையில் விழும்போது கடைசி வரிசையில் ஒரு தலை குனிகிறதே, அந்தத் தலைக்காகத்தான் இதை எழுதுகிறேன். கண்டனூரிலோ புதுவயலிலோ பள்ளத்தூரிலோ தமிழ் வழியில் பன்னிரண்டாம் வகுப்பு முடித்து, காரைக்குடியில் பி.எஸ்சி. வேதியியல் சேர்ந்து, முதல் பருவத் தேர்வுக்குள்ளேயே "இது நமக்கு ஒத்துவராது" என்று முடிவுகட்டிவிட்ட பிள்ளையே, உன்னிடம்தான் பேசுகிறேன்.

உனக்கு வேதியியல் ஒத்துவராது என்று எதைப் பார்த்துச் சொன்னாய்? ஒரு பெயரைப் பார்த்து. அந்தப் பெயருக்குப் பின்னால் இருக்கும் பொருளை நீ இன்னும் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. களத்துக்கே போகாமல் தோற்றுவிட்டேன் என்கிறாய். அந்தத் தோல்வியை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். நீயும் ஒப்புக்கொள்ளாதே.

நீ எந்த ஊர்ப் பிள்ளை என்று நினைத்துப் பார். இனிஷியல் வாசிப்பதில் உன் வட்டாரத்தை மிஞ்ச ஆள் கிடையாது. நகரத்தார் வீட்டுக் கல்யாணப் பத்திரிகை ஒன்றைக் கையில் எடு. பெயருக்கு முன்னால் எழுத்துகள் அணிவகுத்து நிற்கும். அதற்கு விலாசம் என்று பெயர். ரங்கூனிலும் பினாங்கிலும் கொழும்பிலும் வட்டிக்கடை வைத்தவர்கள் அந்த எழுத்துகளைத்தான் கடைக்கு அடையாளமாக வைத்தார்கள். வெளியூர்க்காரன் அதைப் பார்த்தால் விழிப்பான். நம் ஊர் ஆச்சி ஒருவர் கண்ணாடியைக்கூடப் போடாமல் பார்த்துவிட்டு, "இது இன்னார் மகன், இன்னார் பேரன், இந்தக் கோயில்" என்று மூன்று தலைமுறையைச் சொல்லிவிடுவார்.

எப்படிச் சொல்கிறார்? எந்த எழுத்து எங்கே முடிகிறது, அடுத்தது எங்கே தொடங்குகிறது என்பது அவருக்குத் தெரியும். ஏவி.எம். என்று திரைப்பட நிறுவனத்துக்கு ஊரே பெயர் சொல்கிறது. காரைக்குடிக்காரரான மெய்யப்பச் செட்டியாரின் அந்த "ஏவி" இரண்டு ஆட்களின் பெயரைக் குறிப்பதில்லை. அப்பா பெயர் ஆவிச்சி. ஒரே பெயருக்கு இரண்டு எழுத்து. வ.சுப. மாணிக்கனாரின் "சுப" சுப்பிரமணியன் என்ற ஒரே பெயர். கே.வி.ஏஎல்.ஆர்எம். அழகப்பச் செட்டியார் என்ற பெயரில் "ஆர்எம்" என்பது அவருடைய தந்தை ராமநாதன். இதையெல்லாம் பள்ளிக்கூடம் போகும் முன்பே கற்றுக்கொண்டு வந்த ஊர் உன்னுடையது. டிபிடிபிஎஸ் என்ற ஐந்தெழுத்தைப் பார்த்தா பயப்படுகிறாய்?

வா, பிரிப்போம்.

சிலிக்கனுக்கு நான்கு கை. பாடப்புத்தகம் அதைப் பிணைப்பு என்று சொல்லும். ஒரு கை, நாம் காப்பாற்ற நினைக்கும் மூலக்கூறின் ஆக்சிஜனைப் பிடித்துக்கொள்ளும். மிச்சம் மூன்று கை. அந்த மூன்றிலும் என்னென்ன இருக்கிறது என்பதைச் சொன்னால் பெயர் வந்துவிட்டது. டெர்ட்-பியூட்டைல் ஒன்று. டைமெத்தில் என்றால் மெத்தில் இரண்டு. ஒன்றும் இரண்டும் மூன்று. கடைசியில் சிலைல் என்பது, நடுவில் நிற்பது சிலிக்கன் என்று சொல்லும் சொல். கணக்கு முடிந்தது. இரண்டு மெத்திலை எடுத்துவிட்டு இரண்டு ஃபினைல் வை. டெர்ட்-பியூட்டைல்டைஃபினைல்சிலைல். அதுவும் முடிந்தது. அந்த டெர்ட்-பியூட்டைல் என்பது என்ன? ஒரு கார்பன், அதன் மேல் மூன்று மெத்தில்கள் குவிந்து நிற்கின்றன. தமிழ்ப் பாடநூலில் மூவிணைய பியூட்டைல் என்று படித்திருப்பாய். அதே ஆள்தான்.

ஆய்வகத்தில் முழுப் பெயரை யாரும் சொல்வதில்லை. டிபிஎஸ் (நாம் பிரித்த முதல் பெயர்), டிபிடிபிஎஸ், டிஎம்எஸ், டிப்ஸ் என்றுதான் பேச்சு. "டிபிஎஸ் போட்டாச்சா?" "எடுத்தாச்சா?" என்றால் வேலை நடக்கிறது என்று பொருள். டிபிஎஸ்ஸில் இருக்கும் முதல் எழுத்து டெர்ட். டிஎம்எஸ்ஸில் இருக்கும் அதே ஆங்கில எழுத்துக்கு ட்ரை, அதாவது மூன்று, என்று பொருள். ஒரே எழுத்து, வேறு ஆள். ஒரு வீட்டு விலாசத்தில் "மு" முத்தையா, அடுத்த வீட்டில் அதே "மு" முருகப்பன் என்பது உனக்குப் பழக்கம்தானே. டிப்ஸ் என்பதை மட்டும் நான் பிரித்துத் தரப்போவதில்லை. முழுப் பெயர் ட்ரைஐசோப்ரோப்பைல்சிலைல். தாளை எடு, நடுவில் சிலிக்கன் போடு, மூன்று கையையும் நீயே நிரப்பு. அதை முடித்துவிட்டு அடுத்த பத்திக்கு வா. நான் காத்திருக்கிறேன்.

முடித்துவிட்டாயா? சரி, இவ்வளவு பெரிய உருப்படியைக் கொண்டுபோய் ஒரு மூலக்கூறின் தலையில் எதற்காக ஏற்ற வேண்டும்?

ஒரு மூலக்கூறில் வேலை செய்ய வேண்டிய இடம் ஒன்று இருக்கும். ஆனால் வினைப்பொருள் வந்ததும் வேறு ஓர் இடத்தில் போய் விழும். கிரிக்னார்டு கரணியை நினைத்துக்கொள். அதைக் கொண்டு ஒரு கீட்டோனை மாற்ற வேண்டும். அதே மூலக்கூறின் இன்னொரு மூலையில் ஒரு ஹைட்ராக்சில் தொகுதி இருக்கிறது. கிரிக்னார்டு முதலில் அந்த ஹைட்ராக்சிலின் ஹைட்ரஜனைப் பிடுங்கிக்கொண்டு அங்கேயே செத்துப்போகும். எனவே அந்த ஹைட்ராக்சிலைக் கொஞ்ச காலம் மூடிவைக்க வேண்டும். மூடுவதற்கு வருவதுதான் பாதுகாப்புத் தொகுதி. அது சுலபமாக ஏற வேண்டும், வேலை முடியும்வரை அசையாமல் இருக்க வேண்டும், போ என்றதும் மற்ற எதையும் கெடுக்காமல் போய்விட வேண்டும். இந்த மூன்றில் ஏதாவது ஒன்றைச் செய்வது எளிது. மூன்றையும் ஒன்றாகச் செய்வதில்தான் வேதியியலாளர்களின் தலைமுடி நரைத்தது.

முதலில் வந்தது டிஎம்எஸ். நம் டி.எம். சௌந்தரராஜன் இல்லை, ட்ரைமெத்தில்சிலைல். மூன்று கையிலும் சின்னச் சின்ன மெத்தில்கள். ஆக்சிஜன் மேல் ஓடிவந்து ஏறும். ஏறிய வேகத்திலேயே இறங்கியும் விடும். கொஞ்சம் அமிலம் பட்டால் போதும், ஈரம் பட்டால் போதும், சுத்தப்படுத்துவதற்காக சிலிக்கா ஜெல் நிரப்பிய குழாயில் ஓட்டினால் அங்கேயே கழன்றுவிடும். மெத்தில் சின்னது என்பதால் தண்ணீர் மூலக்கூறு சந்துக்குள் புகுந்து சிலிக்கனைத் தொட்டுவிடுகிறது.

அப்படியானால் பெரியதைப் போடலாமே? போடலாம். அங்கே வேறொரு சிக்கல். பெரியது ஏறவே மறுக்கும். டெர்ட்-பியூட்டைல் வைத்த சிலைல் குளோரைடை ஆல்கஹாலோடு வெறுமனே கலந்தால் வினை ஆமை வேகத்தில் நகரும். தண்ணீரை உள்ளே விடாத அதே பருமன், ஆக்சிஜனையும் கிட்டே விடவில்லை. எந்தக் குணத்துக்காக அதைத் தேர்ந்தெடுத்தோமோ, அந்தக் குணமே குறுக்கே வந்து நின்றது.

1972. ஹார்வர்டு பல்கலைக்கழகம். பேராசிரியர் இ. ஜே. கோரியின் ஆய்வகம் ப்ரோஸ்டாகிளாண்டின் என்ற மூலக்கூறுகளோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தது. அமிலமும் ஆகாது, காரமும் ஆகாது என்கிற, கொஞ்சம் அதட்டினாலே சிதைந்துவிடுகிற மூலக்கூறுகள் அவை. அங்கே கண்டுபிடித்தார்கள்: டெர்ட்-பியூட்டைல்டைமெத்தில்சிலைல் குளோரைடோடு இமிடசோல் என்ற சின்ன மூலக்கூறைச் சேர்த்து, டிஎம்எஃப் கரைப்பானில், 35 டிகிரி போலக் கொஞ்சம் வெதுவெதுப்பாக வைத்தால் அந்தப் பெரிய உருப்படி அடம்பிடிக்காமல் ஏறிவிடுகிறது. ஏறியபின் டிஎம்எஸ்ஸைவிடப் பத்தாயிரம் மடங்கு அளவுக்கு நீராற்பகுப்பைத் தாங்குகிறது. இறக்குவதற்கு? ஃப்ளோரைடு அயனி. அது சின்னது, தண்ணீர் நுழையத் தயங்கும் சந்துக்குள்ளும் நுழையும். சிலிக்கனுக்கும் ஃப்ளோரினுக்கும் உள்ள ஈர்ப்பு சிலிக்கன்-ஆக்சிஜன் பிணைப்பைவிட வலியது. அறை வெப்பநிலையில் சிலிக்கன் ஆக்சிஜனைக் கைவிட்டு ஃப்ளோரினோடு போய்விடும். மூலக்கூறின் மற்ற எந்த மூலைக்கும் கீறல் விழாது.

இதை அவர்கள் அமெரிக்க வேதியியல் கழக இதழில் வெளியிட்டார்கள். நீளம் இரண்டே பக்கம். ஆசிரியர்கள் இரண்டே பேர். ஒருவர் கோரி. மற்றவர் ஏ. வெங்கடேஸ்வரலு.

அந்த இரண்டாவது பெயரை நிதானமாக இன்னொரு முறை படி. பாஸ்டனில் கேட்கும் பெயரா அது? நெல்லூரிலும் விஜயவாடாவிலும் தெருவுக்கு ஒருவருக்கு இருக்கும் பெயர். ஐம்பது ஆண்டுகள் கடந்துவிட்டன. இன்றும் உலகத்தின் ஏதோ ஒரு மூலையில் ஒரு மாணவர் ஆல்கஹாலுக்கு டிபிஎஸ் போடுகிறார், அடிக்குறிப்பில் கோரி, வெங்கடேஸ்வரலு என்று எழுதுகிறார். அந்தப் பெயரை உச்சரிக்க அவருக்கு நாக்கு புரளாது. ஆனாலும் எழுதியே ஆக வேண்டும். நீ அவர்கள் பெயரைக் கண்டு நடுங்கிக்கொண்டிருக்கிறாய், அவர்கள் நம் பெயரை எழுத்துக் கூட்டிப் படித்துக்கொண்டிருக்கிறார்கள்!

இப்போது எண்களைப் பார். எண்கள் உனக்குப் பிடிக்காவிட்டாலும் பார், ஏனென்றால் இந்தக் கதையின் உயிர் அங்கேதான் இருக்கிறது. அமிலத்தைத் தாங்கும் திறனில் டிஎம்எஸ்ஸை 1 என்று வைத்துக்கொள். மெத்தில்களுக்குப் பதில் மூன்று ஈத்தைல் வைத்தால் 64. டிபிஎஸ் 20,000. நீ தாளில் வரைந்து வைத்திருக்கும் டிப்ஸ் 7 லட்சம். டிபிடிபிஎஸ் 50 லட்சம். நடுவில் நிற்கும் சிலிக்கன் எல்லாவற்றிலும் அதே சிலிக்கன்தான். ஆற்று மணலில் இருப்பது, ஆத்தங்குடியில் தரைக்கல் வார்க்க அள்ளும் மணலில் இருப்பது. சுற்றி நிற்பவர்கள்தான் மாறினார்கள். டிபிஎஸ்ஸின் இன்னொரு சுருக்கமான டிபிடிஎம்எஸ்ஸையும் டிபிடிபிஎஸ்ஸையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார். வித்தியாசம் ஒரே எழுத்து. மெத்தில் போய் ஃபினைல் வந்தது. அந்த ஓர் எழுத்துக்கு 250 மடங்கு வித்தியாசம். பெயரை மனப்பாடம் செய்தவனுக்கு அது வெறும் எழுத்து. பிரித்துப் படித்தவனுக்கு அந்த எழுத்துக்குள் 250 தெரியும்.

ஒன்றை மட்டும் நேர்மையாகச் சொல்லிவிடுகிறேன். பெரியதே எப்போதும் வெல்லும் என்று நினைத்துவிடாதே. காரத்தில் கொண்டுபோய்ப் போட்டால் கணக்கு மாறும். அமிலத்தில் முதலிடம் பிடித்த டிபிடிபிஎஸ், அங்கே டிபிஎஸ்ஸோடு ஒரே வரிசையில் நிற்கும். டிப்ஸ் அதை முந்திவிடும். எந்த இடத்தில் எதைப் போடுவது என்று தெரிந்தவனுக்குத்தான் இந்தப் பட்டியல் பயன்படும். இதிலிருந்து வாழ்க்கைப் பாடம் ஒன்றைப் பிழிந்து எடுத்து உன் கையில் கொடுப்பேன் என்று எதிர்பார்க்கிறாய். கொடுக்க மாட்டேன். வேதியியலை வேதியியலாகவே புரிந்துகொள்ளும் அறிவு உனக்கு இருக்கிறது.

சரி, பெயர் வைத்தவர்களாவது ஒழுங்காக வைத்தார்களா? அந்தக் கூத்தையும் கேள். உன் பயத்தில் பாதி அதோடு போய்விடும்.

டிபிஎஸ் என்றும் டிபிடிஎம்எஸ் என்றும் ஒரே தொகுதிக்கு இரண்டு சுருக்கங்கள். ஒரு கட்டுரையில் இது, அடுத்த கட்டுரையில் அது. டிஎம்எஸ் என்றால் ட்ரைமெத்தில்சிலைல் என்றேன் அல்லவா? என்எம்ஆர் கருவி வைத்திருப்பவரிடம் போய்க் கேள். அவருக்கு டிஎம்எஸ் என்றால் டெட்ராமெத்தில்சிலேன், அளவுகோலின் பூஜ்யப் புள்ளி. இன்னும் பெரிய பெரிய சிலைல்கள் வந்தபோது குழப்பம் உச்சத்துக்குப் போனது. மூனிக்கைச் சேர்ந்த நில்ஸ் வீபெர்க், மூன்று கையிலும் டெர்ட்-பியூட்டைல் வைத்த சிலிக்கனுக்கு சூப்பர்சிலைல் என்று பெயர் வைத்தார். மூன்று கையிலும் ட்ரைமெத்தில்சிலைல்களையே மாட்டிய இன்னொரு பூதத்துக்கு ஹைப்பர்சிலைல் என்றார். பின்னால் சிகாகோவில் ஹிசாஷி யமமோட்டோ அந்த இரண்டாவது பூதத்தைத் தன் வினைகளில் பிரமாதமாகப் பயன்படுத்தினார். ஆனால் அவர் அதை அழைத்தது சூப்பர் சிலைல் என்று! ஒருவருடைய ஹைப்பர் இன்னொருவருடைய சூப்பர். பெரிய பெரிய பேராசிரியர்களே பெயரில் தடுமாறும் இடத்தில், நீ ஒருமுறை தடுமாறினால் குடிமுழுகிப் போய்விடுமா?

இதைவிடப் பழைய கதை ஒன்று. இங்கிலாந்தின் நாட்டிங்ஹாமில் ஃப்ரெடெரிக் கிப்பிங் என்ற பேராசிரியர். கார்பனோடு சிலிக்கனை இணைக்கும் வேதியியலில் நாற்பது ஆண்டுகள் உழைத்தவர், அந்தத் துறைக்கே தந்தை. கீட்டோனின் வாய்பாட்டோடு ஒப்பிட்டுத்தான் சிலிகோன் என்ற பெயரைக் கொடுத்தார். உள்ளே இருந்தது கீட்டோன் அமைப்பே இல்லை, சிலிக்கனும் ஆக்சிஜனும் மாறி மாறி வரும் சங்கிலி. பெயர் தப்பு. ஆனால் அந்தத் தப்பான பெயரில்தான் இன்று குக்கர் கேஸ்கெட்டிலிருந்து குளியலறை ஓட்டையடைக்கும் பசைவரை விற்கிறார்கள். அதைவிடக் கூத்து, 1937-இல் வெளியான ஒரு பேருரையில் அந்தக் கிப்பிங்கே இந்தத் துறையில் உடனடியாகப் பெரிய முன்னேற்றம் வரும் என்று தனக்கு நம்பிக்கையில்லை என்ற பொருளில் பேசிவிட்டார். மூன்றே ஆண்டு. 1940-இல் அமெரிக்காவில் யூஜின் ராச்சோ, செம்பை வினையூக்கியாக வைத்து, சூடான சிலிக்கன் மேல் மெத்தில் குளோரைடைச் செலுத்தி, குளோரோசிலேன்களை நேரடியாகவே உண்டாக்கிக் காட்டினார். ஜெர்மனியில் ரிச்சர்ட் முல்லரும் தனியாக அதே வழியைக் கண்டார். ஒரு பெருந்தொழிலே பிறந்தது. டிஎம்எஸ் போடத் தேவையான குளோரைடு பீப்பாய் பீப்பாயாகக் கிடைத்தது அப்படித்தான்.

துறையின் தந்தையே நம்பிக்கையில்லை என்று சொன்னதைக் காலம் மூன்றாண்டில் பொய்யாக்கிவிட்டது. உன் வகுப்பில் யாரோ ஒருவர் "உனக்கெல்லாம் கெமிஸ்ட்ரி எதுக்கு?" என்று கேட்ட கேள்வியை மட்டும் நீ ஏன் கல்வெட்டாகச் செதுக்கி வைத்திருக்கிறாய்?

"அவர்களெல்லாம் பெரிய இடத்துப் பிள்ளைகள், வசதி இருந்தது" என்று முணுமுணுப்பாய். எனக்குக் கேட்கிறது. பதிலும் வைத்திருக்கிறேன்.

கோரி 1928-இல் அமெரிக்காவின் மெத்யூன் என்ற ஊரில், லெபனானிலிருந்து வந்து குடியேறிய வம்சத்தில் பிறந்தார். பிறந்து பதினெட்டு மாதத்தில் தந்தை இறந்துபோனார். வில்லியம் என்று வைத்திருந்த பெயரைத் தாய் மாற்றி, இறந்துபோன கணவர் பெயரான இலையஸ் என்பதைப் பிள்ளைக்கு வைத்தார். இ. ஜே. கோரி என்பதில் முதல் எழுத்து அப்படி வந்தது. அந்தப் பிள்ளை 1990-இல் நோபல் பரிசு வாங்கியது. வாங்கிவிட்டு ஓய்ந்து உட்கார்ந்ததா? 2011-இல், 83 வயதில், டிபிஎஸ்ஸையும் டிப்ஸையும் தாண்டிய இன்னொரு பெரிய சிலைல் தொகுதியை பிப்ஸ் என்ற பெயரில் வெளியிட்டது. இரண்டு டெர்ட்-பியூட்டைல், ஓர் ஐசோபியூட்டைல். பத்தொன்பது வயதில் "இனிமேல் எங்கே படிக்கிறது" என்று பெருமூச்சு விடுகிறாயே, அந்தப் பெருமூச்சை 83-க்கு எடுத்துவை.

டிபிடிபிஎஸ்ஸை 1975-இல் கொண்டுவந்த ஸ்டீஃபன் ஹனேசியன், எகிப்தின் அலெக்சாண்டிரியாவில் பிறந்த ஆர்மீனிய வம்சத்தவர். மான்ட்ரியாலில் உட்கார்ந்து அதைச் செய்தார். ஹர் கோபிந்த் குரானாவை எடுத்துக்கொள். இப்போது பாகிஸ்தானில் இருக்கும் ராய்ப்பூர் என்ற குக்கிராமம், சுமார் நூறு பேர், அதில் எழுத்தறிந்த குடும்பம் அநேகமாக அவருடையது ஒன்றுதான். பஞ்சாபி பேசி வளர்ந்த பிள்ளை. அவருடைய குழு டிஎன்ஏ துண்டுகளைக் கட்டுவதற்காகப் பயன்படுத்திய டைமெத்தாக்சிட்ரைட்டில் என்ற பருமனான பாதுகாப்புத் தொகுதி, இன்றும் டிஎன்ஏ செய்யும் இயந்திரங்களில் ஒவ்வொரு சுற்றிலும் ஏறி இறங்குகிறது. அது சிலிக்கன் இல்லை, கார்பன். ஆனால் வேலை அதே வேலை. இறங்கும்போது ஆரஞ்சு நிறம் காட்டும். அந்த நிறத்தை அளந்துதான் சுற்று ஒழுங்காக நடந்ததா என்று சொல்கிறார்கள். ஆர்என்ஏ கட்ட வேண்டும் என்றபோது கனடாவின் கெல்வின் ஓகில்வி குழு ரைபோஸில் கூடுதலாக இருக்கும் ஹைட்ராக்சிலை மூடத் தேர்ந்தெடுத்தது எதை? நம் டிபிஎஸ்ஸைத்தான்.

இன்னும் பக்கத்தில் வா. சென்னைப் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்ற எஸ். சந்திரசேகரன் கோரியின் ஆய்வகத்துக்குப் போனார். திராட்சைத் தோட்டங்களில் தெளிக்கிறார்களே ஜிப்ரெல்லிக் அமிலம், அந்தச் சிக்கலான மூலக்கூறை முழுக்க முழுக்க ஆய்வகத்திலேயே கட்டி முடித்ததாக 1978-இல் வெளியான கட்டுரையில் அவர் பெயரும் இருக்கிறது. திரும்பிவந்து பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தில் மாலிப்டினமும் கந்தகமும் கொண்ட ஒரு கரணியை வைத்து, மற்றவற்றைத் தொடாமல் ஒரு பாதுகாப்புத் தொகுதியை மட்டும் கழற்றும் வழியைக் காட்டினார். சென்னைக்கும் கண்டனூருக்கும் இடையில் ஓர் இரவு ரயில்தான் தூரம்.

"எங்கள் ஊரில் என்ன இருக்கிறது?" என்று கேட்டுவிடாதே, கோபம் வரும். உன் ஊரிலிருந்து பேருந்தில் ஏறினால் கோட்டையூர். அந்தக் கோட்டையூரில் 1909-இல் பிறந்த அழகப்பச் செட்டியார் 1944-லேயே சென்னை கிண்டியில் வேதித் தொழில்நுட்பம் கற்பிக்க ஒரு கல்லூரிக்குப் பணம் கொடுத்தவர். நாடு விடுதலையடைந்து தேசிய ஆய்வகங்களை எங்கெங்கே கட்டுவது என்று பேச்சு நடந்தது. டெல்லி கேட்கும், புனே கேட்கும், கேட்கத்தானே செய்வார்கள். செம்மண் பொட்டலும் முள்ளும் நிறைந்த காரைக்குடிக்கு ஒன்று வேண்டும் என்று இவர் கேட்டார். வெறுங்கையோடு கேட்கவில்லை. 300 ஏக்கர் நிலம், 15 லட்சம் ரூபாய். 1948 ஜூலை 25-இல் நேரு வந்து அடிக்கல் நாட்டினார். 1953 ஜனவரி 14, பொங்கல் நாளில், மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையத்தைத் திறந்துவைத்தவர் ராதாகிருஷ்ணன். 1957-இல், 48 வயது நிறைய ஒரு நாள் இருக்கும்போது அழகப்பர் இறந்தார். அவ்வளவு குறுகிய வாழ்நாளில் ஒரு மனிதர் ஒரு தேசிய ஆய்வகத்தைத் தூக்கிக்கொண்டு வந்து உன் வீட்டுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டுப் போயிருக்கிறார். அதன் மதிலோரமாகப் பேருந்தில் போகிறாய், வருகிறாய். ஒரு முறையாவது இறங்கியிருக்கிறாயா?

ஆங்கிலம் வராது என்பாய். இந்தப் பெயர்களில் ஆங்கிலம் எங்கே இருக்கிறது? மெத்தில், ஃபினைல், டை, ட்ரை எல்லாம் கிரேக்கத்திலிருந்தும் லத்தீனிலிருந்தும் வெட்டி ஒட்டியவை. லண்டன் பிள்ளையும் இதைப் புதிதாகத்தான் எழுத்துக் கூட்டிப் படிக்கிறது. தொடக்கக் கோட்டில் நீங்கள் இருவரும் ஒரே இடத்தில் நிற்கிறீர்கள். "ஞ" எழுதிப் பழகிய கைக்கு "எஃப்" எழுதுவது கஷ்டமா?

மனப்பாடத்தை மட்டும் விட்டுத்தொலை. நம் பிள்ளைகளைக் கெடுப்பது வறுமையைவிட மனப்பாடம்தான் என்பது என் கட்சி. ஐம்பது பாதுகாப்புத் தொகுதிகளின் பட்டியலை உருப்போட்டுத் தேர்வுத்தாளில் கொட்டிவிட்டு, வெளியே வந்ததும் மறக்கிறாய். பிரித்துப் படித்தால் ஐந்தே துண்டுதான்: மெத்தில், ஈத்தைல், ஐசோப்ரோப்பைல், டெர்ட்-பியூட்டைல், ஃபினைல். இந்த ஐந்தை வைத்து சிலிக்கனின் மூன்று கைகளையும் நிரப்பிக்கொண்டே போ. எது பெரியது, எது தண்ணீரை உள்ளே விடும், எது விடாது, எது ஓரிணைய ஆல்கஹாலில் சட்டென்று ஏறும், எது மூவிணையத்தின் பக்கம் தலைவைக்காது என்று நீயே ஊகி. பிறகு புத்தகத்தைத் திறந்து சரிபார். உன் ஊகம் சரியாக இருக்கும் முதல் தடவை உடம்பு சிலிர்க்கும் பார், அந்தச் சிலிர்ப்புக்காகத்தான் உலகத்தில் எல்லாரும் ஆராய்ச்சி செய்கிறார்கள்.

அதோடு, இதுவே முடிந்த முடிவு என்றும் நினைக்காதே. பாதுகாப்புத் தொகுதி போடுவது ஒரு படி, எடுப்பது இன்னொரு படி. இரண்டு படியிலும் பொருள் நஷ்டம், நேரம் நஷ்டம், கழிவு மிச்சம். இதை எதற்குச் சுமக்க வேண்டும் என்று ஒருவர் கேட்டார். கேட்டவர் வெளியாள் இல்லை. கோரியின் ஆய்வகத்திலேயே பணியாற்றிய ஃபில் பாரன். 2007-இல் தன் மாணவர்களோடு சேர்ந்து, கடல் உயிரினங்களில் கிடைக்கும் சிக்கலான மூலக்கூறுகளைப் பாதுகாப்புத் தொகுதி எதுவுமே இல்லாமல் கட்டிக் காட்டி நேச்சர் இதழில் வெளியிட்டார். ஆசான் கொடுத்ததை வணங்கி வாங்கிக்கொண்டு, பிறகு "இது இல்லாமல் முடியாதா?" என்று கேட்கும் துணிச்சல் இருக்கிறதே, அது உனக்கும் வேண்டும். ஆனால் அந்தக் கேள்வியைக் கேட்கும் தகுதி, முதலில் டிபிஎஸ்ஸைப் போடவும் எடுக்கவும் தெரிந்தவனுக்குத்தான் வரும்.

செப்டம்பர் 26 சிஎஸ்ஐஆர் நிறுவன நாள். அதையொட்டி சிஎஸ்ஐஆரின் கீழ் இயங்கும் நாட்டின் தேசிய ஆய்வகங்கள் பொதுமக்களுக்கும் மாணவர்களுக்கும் கதவைத் திறந்துவிடுவது வழக்கம். இந்த ஆண்டு காரைக்குடி நிலையத்துக்குக் கண்டனூரிலிருந்து தனியாகப் போகாதே, உன்னைப் போலவே கடைசி வரிசையில் உட்கார்ந்திருக்கும் நாலு பேரைக் கூட்டிக்கொண்டு போ. அங்கே நடப்பது மின்வேதியியல். மின்கலமும் துருத்தடுப்பும் மின்முலாமும் பார்ப்பாய். எதுவானாலும் புரியாத ஒரு பெயர் கண்ணில் படும். வெள்ளைக் கோட்டு போட்டவரிடம் நேரே போய் நில். "சார், இந்தப் பெயரைக் கொஞ்சம் பிரித்துச் சொல்லுங்கள்" என்று தமிழிலேயே கேள். பதில் புரியும்வரை அங்கிருந்து நகராதே.